ஹான் நதி நகரம் – 17: கணவாயில் ஒரு கேள்வி

இதுவரை

1396-இல் ஜோசான் அரசு தன் புதிய தலைநகரை ஐந்து பெரும் பிரிவுகளாகவும் 52 உட்பிரிவுகளாகவும் வகுத்தது. அவற்றுக்கும் அடியில், ஓடைக்கரைகளிலும் மலைச்சரிவுகளிலும் வளர்ந்த சிறு பேட்டைகள் பின்னாளில் டோங் என்று பெயர் பெற்றன.

1914-இல் ஜப்பானியக் குடியேற்ற அரசு இந்தப் பேட்டைகளுக்குப் புது எல்லை போட்டது. சோங்க்யேசோன் ஓடைக்கு வடக்கே, கொரியர்கள் வாழ்ந்த பகுதிகள் பெரும்பாலும் டோங் என்றே நீடித்தன. தெற்கே, ஜப்பானியர்கள் கடை விரித்த பகுதிகள் ஜோங் ஆயின. 1936-இல் நகரம் விரிவாக்கப்பட்டபோது அந்த வேறுபாடும் போயிற்று. எல்லாப் பேட்டையும் ஜோங் என்று ஆணை வந்தது.

ஜப்பானின் போர்க்காலத்தில் சுமார் பத்து வீடுகளுக்கு ஒரு ‘தேசபக்திக் குழு’ அமைக்கப்பட்டது. ரேஷன் வேண்டுமானால் அதன் கூட்டத்துக்குப் போக வேண்டும். அண்டை வீட்டாரை அரசின் கணக்கில் ஏற்றும் வேலை அங்கேதான் தொடங்கியது.

1946 அக்டோபர் 1 அன்று ஜப்பானியப் பெயர்கள் துடைக்கப்பட்டன. ஜோங் மறுபடியும் டோங் ஆயிற்று. மெய்ஜி பேரரசரின் பெயர் தாங்கிய பேட்டை ம்யோங்-டோங் ஆனது. ஜப்பானியர்களின் பெரிய கடைத்தெரு, கடற்படைத் தளபதி யி சுன் ஷின்னின் பட்டப்பெயரால் சுங்மூரோ ஆனது.

பெயர்கள் மாறின. ஆனால் அந்தப் பழைய கணக்கேடு எங்கே போயிற்று? சென்ற வாரம் இந்தக் கேள்வியோடுதான் நின்றோம். அது எங்கும் போகவில்லை. புது மேசை ஒன்றுக்காகக் காத்திருந்தது.

ஒரு நகரம், இரண்டு வரைபடங்கள்

1955 ஏப்ரல் 18. கொரியப் போர் ஓய்ந்து இரண்டு ஆண்டுகள்கூட ஆகவில்லை. சியோல் மாநகரம் தன் 66-ஆம் ஆணையை வெளியிட்டது. படிக்கச் சலிப்பூட்டும் ஆணைதான். ஆனால் இன்றுவரை ஒவ்வொரு கொரிய நகரவாசியின் வாழ்க்கையும் அதன் வழியாகவே நடக்கிறது.

சிக்கல் இதுதான். பழைய தலைநகரின் நடுப்பகுதியான ஜோங்னோவில் டோங்குகள் மிகச் சிறியவை. நான்கு சந்து தாண்டினால் வேறு டோங். ஒவ்வொன்றுக்கும் ஓர் அலுவலகம் வைத்தால் நகராட்சி திவாலாகிவிடும். நகர விளிம்பிலோ நிலைமை நேர்மாறு. பெயரளவில் ஒரே டோங், ஆனால் அகதிகளும் பிழைக்க வந்தவர்களும் சேர்ந்து அதை ஒரு சிற்றூர் அளவுக்கு ஊத வைத்திருந்தார்கள்.

சரி, எல்லைகளை அழித்துப் புதிதாகப் போட்டுவிடலாமே? முடியாது. நிலப் பத்திரங்கள் அனைத்திலும் பழைய டோங் பெயரும் மனை எண்ணும்தான் இருந்தன. 1910 முதல் 1918 வரை நடந்த நில அளவையில் போடப்பட்ட எண்கள் அவை. ஒரு கோட்டை நகர்த்தினால் ஆயிரம் பத்திரங்கள் ஆட்டம் காணும்.

ஆகவே நகராட்சி பழையதைத் தொடவே இல்லை. அதன்மேல் இன்னொரு வரைபடத்தை விரித்தது. நிலத்துக்கு ஒரு டோங், மக்களுக்கு ஒரு டோங். முதலாவது சட்ட டோங். பத்திரத்திலும் பதிவேட்டிலும் வாழ்வது. இரண்டாவது நிர்வாக டோங். அலுவலகமும் எழுத்தரும் முத்திரையும் கொண்டது.

இன்றைய ஜோங்னோவில் சட்ட டோங்குகள் 87, நிர்வாக டோங்குகள் 17. நதிக்குத் தெற்கே குவானாக்கில் சில்லிம் என்ற ஒரே சட்ட டோங்குக்குள் 11 நிர்வாக டோங்குகள் இருக்கின்றன. ஒருவர் தன் வீடு எந்த டோங்கில் என்று ஒரு பெயர் சொல்வார். சான்றிதழ் வாங்க வேறு பெயர்ப்பலகை உள்ள கட்டடத்துக்குப் போவார். அவருக்கு அதில் எந்தக் குழப்பமும் இல்லை.

ஆனால் 1955-இன் உண்மையான மாற்றம் எல்லைகளில் இல்லை. அதுவரை பேட்டைக் காரியங்களைப் பார்த்தது டோங் சங்கம். அதில் பாதி அரசு, பாதி ஊர்ச்சங்கம். இப்போது அது டோங் அலுவலகம் ஆயிற்று. பேட்டையின் கதவில் அரசின் பெயர்ப்பலகை ஏறியது.

நிரம்பி வழிந்த நகரம்

1955-இல் சியோலின் மக்கள்தொகை சுமார் 15.7 லட்சம். 1960-இல் 24 லட்சத்தைத் தாண்டியது. 1966-இல் ஏறத்தாழ 38 லட்சம். அந்த ஆண்டு எழுத்தாளர் லீ ஹோ சோல் ஒரு நாளிதழில் எழுதிய தொடர்கதையின் தலைப்பே, சியோலில் இனி இடமில்லை என்பதுதான்.

தெற்கு மாகாணங்களிலிருந்து ரயிலேறி வந்தவர்கள் ஓடைக்கரையிலும் மலைச்சரிவிலும் பலகையும் தார்த்தாளும் வைத்துக் குடிசை போட்டார்கள். இரவோடு இரவாக ஒரு சரிவு முழுவதும் வீடாகிவிடும். காலையில் டோங் எழுத்தர் வந்து பார்த்தால், நேற்றுவரை ஏட்டில் இல்லாத குடும்பங்கள் அங்கே சோறு பொங்கிக்கொண்டிருக்கும்.

அந்த எழுத்தரிடம் எத்தனை வேலை! பிறப்பு, இறப்பு, குடிவரவு, குடிபெயர்வு. ராணுவ அழைப்பாணையை வீடு தேடிக் கொடுக்க வேண்டும். நிவாரண மாவு வந்தால் ஏழைக் குடும்பங்களின் பட்டியல் அவரிடம்தான். ஒரே மேசை, ஒரே ஏடு. ஒரு பக்கத்தைப் புரட்டினால் யாருக்கு மாவு என்று தெரியும். மறு பக்கத்தைப் புரட்டினால் யாருடைய மகன் படைக்குப் போகாமல் ஒளிந்திருக்கிறான் என்று தெரியும்.

எழுத்தரின் கண் எட்டாத இடத்துக்கு வேறு கண்கள் இருந்தன. டோங்குக்குள் தோங் எனப்படும் வட்டங்கள், வட்டத்துக்குள் பான் எனப்படும் சிறு வீட்டுக்குழுக்கள். இவற்றின் தலைவர்கள் அதே தெருவில் குடியிருப்பவர்கள். புதிதாக யார் வந்தது, யார் இரவோடு காலி செய்தது, எந்த வீட்டில் விருந்தாளி ஒரு மாதமாகத் தங்கியிருக்கிறார் என்பதெல்லாம் அவர்களுக்கு அத்துபடி.

1961 மே 16 அன்று ராணுவம் ஆட்சியைக் கைப்பற்றியது. உள்ளாட்சி மன்றங்கள் கலைக்கப்பட்டன. அவை திரும்பி வர 1991 ஆயிற்று. மாநகரத் தலைவரை மக்கள் மறுபடி தேர்ந்தெடுக்க 1995 ஆயிற்று. இடைப்பட்ட முப்பது ஆண்டுகளும் ஆணை மேலிருந்து மட்டுமே இறங்கியது. அது கடைசியில் வந்து நிற்கும் படி டோங் அலுவலகம்.

அட்டை இல்லாத பதிவு

ராணுவ அரசு 1962 மே மாதம் குடியிருப்பாளர் பதிவுச் சட்டத்தைக் கொண்டுவந்தது. பெயர், பால், பிறந்த நாள், முகவரி எல்லாவற்றையும் ஒவ்வொருவரும் பதிய வேண்டும். வீடு மாறினால் பழைய இடத்தில் பெயரை நீக்கிப் புது இடத்தில் சேர்க்க வேண்டும்.

இதற்கு முன்னோடி இருந்தது. 1942-இல் ஜப்பானிய அரசு, சொந்த ஊரைவிட்டு வேறிடத்தில் தங்கியிருப்போர் அனைவரும் பதிய வேண்டும் என்று ஆணையிட்டிருந்தது. கொரிய இளைஞர்களைப் போருக்குப் பிடிக்க வேண்டுமானால், அவர்கள் எங்கே இருக்கிறார்கள் என்று முதலில் தெரிய வேண்டுமல்லவா? ஆண்ட கொடி மாறியது, ஏட்டின் வடிவம் அதிகம் மாறவில்லை.

ஆனால் 1962-இன் சட்டத்தில் ஒன்று இல்லை. பதிவு இருந்தது, அதைக் கையில் எடுத்துக் காட்ட நாடு முழுவதற்கும் பொதுவான அட்டை இல்லை. கொரியப் போர்க்காலத்தில் சியோல் நகரமும் ஒவ்வொரு மாகாணமும் தனித்தனியாக அடையாளச் சீட்டு கொடுத்திருந்தன. ஓர் இடத்தின் சீட்டு மற்றோர் இடத்தின் சீட்டைப் போல இருக்காது. சோதிக்கிற காவலருக்கு எது அசல், எது போலி என்று தெரிய வழியில்லை.

ஒருவர் யார் என்று உறுதியாகத் தெரிய வேண்டுமானால் அவருடைய பேட்டைக்குப் போய்க் கேட்பதே வழி. பேட்டைக்கு அவரைத் தெரியும், நாட்டுக்குத் தெரியாது.

ஆறு ஆண்டுகள் இப்படியே ஓடின. பிறகு ஒரு ஜனவரி வந்தது.

நான்கு சகோதரர்கள்

1968 ஜனவரி 17, இரவு. வடகொரியாவின் 124-ஆவது படைப்பிரிவைச் சேர்ந்த 31 பேர், அமெரிக்க இரண்டாவது காலாட்படைப் பிரிவு காவல் காத்த பகுதியில் எல்லை வேலியை அறுத்து உள்ளே நுழைந்தார்கள். இலக்கு ஒன்றுதான். சியோலில், நீல மாளிகையில் இருக்கும் அதிபர் பார்க் சுங் ஹீயின் தலை.

பகலில் பதுங்கல், இரவில் நடை. கடும் குளிர், பனி மூடிய மலைகள்.

ஜனவரி 19 அன்று பாஜு வட்டாரத்து மலையொன்றில் அவர்கள் எதிர்பாராத ஆட்களைக் கண்டார்கள். விறகு வெட்ட வந்த நான்கு சகோதரர்கள்.

கொன்றுவிடுவதா, விட்டுவிடுவதா? படைக்குள் வாக்குவாதம் எழுந்தது. கடைசியில், பொதுவுடைமையின் சிறப்பைப் பற்றி ஒரு பாடம் நடத்தி, காவல்துறையிடம் போகக் கூடாது என்று மிரட்டி, நால்வரையும் போகவிட்டார்கள்.

நால்வரும் மலையிலிருந்து இறங்கினார்கள். காவல்துறையிடம் போய்ச் சொன்னார்கள்.

இந்த இடத்தில் கொஞ்சம் நிற்போம். அந்த நால்வரிடம் அரசு கொடுத்த எண் எதுவும் இல்லை. அவர்களைப் போகச் சொல்லி எந்தக் குழுத்தலைவரும் உத்தரவிடவில்லை. தங்கள் மலையில் தங்களுக்குத் தெரியாத முகங்களைப் பார்த்தார்கள், அவ்வளவுதான். 31 பேரின் திட்டத்தைப் பாதி உடைத்தது அந்த ஒரு செயல். இதை நினைவில் வைத்துக்கொள்ளுங்கள். அந்த ஆண்டு முழுவதும் அரசு எடுத்த முடிவுகளை எடைபோட இது தேவைப்படும்.

எச்சரிக்கை மேலே போயிற்று. தேடுதல் தொடங்கியது. ஆனால் மலையில் ஒரு படை எவ்வளவு வேகமாக நடக்க முடியும் என்று தளபதிகள் போட்ட கணக்கு பிழைத்தது. வளையம் போடப்பட்டபோது அவர்கள் அதைத் தாண்டியிருந்தார்கள்.

கணவாய்

ஜனவரி 21, ஞாயிற்றுக்கிழமை. இரவு பத்து மணி நெருங்குகிறது.

சியோலின் வடமேற்கில் ஜாஹாமுன் என்று மக்கள் அழைக்கும் பழைய மதில்வாயில் ஒன்று இருக்கிறது. அதையொட்டிய கணவாயைத் தாண்டினால் சரிவு நேராக நீல மாளிகைப் பக்கம் இறங்கும். செகோம்ஜோங் பக்கமிருந்து அந்தச் சாலையில் ஒரு படை வரிசையாக நடந்து வந்தது. உடலில் தென்கொரிய ராணுவ உடை. நடையில் பயிற்சி தெரிந்தது.

தடுத்த காவலர்களிடம், உளவுத் தடுப்புப் பிரிவினர் நாங்கள், பயிற்சி முடிந்து திரும்புகிறோம் என்றார்கள். நம்புவதா, கூடாதா? காவலர்கள் தடுமாறினார்கள். வரிசை நிற்காமல் நடந்தது.

செய்தி கேட்டு ஜோங்னோ காவல் நிலையத் தலைவர் சோய் க்யூ சிக் ஜீப்பில் வந்து இறங்கினார். வழியை மறித்தார். நீங்கள் யார், எந்தப் பிரிவு, எங்கே போகிறீர்கள் என்று கேட்டார்.

பதில் துப்பாக்கியிலிருந்து வந்தது. சோய் க்யூ சிக் அங்கேயே விழுந்தார். அந்தச் சமயம் மேட்டில் ஏறி வந்த பேருந்தைப் படையினர் ராணுவ உதவி என்று நினைத்துக் கையெறிகுண்டு வீசினார்கள். பயணிகள் பலியானார்கள். அதன்பிறகு 31 பேரும் இருளில் சிதறினார்கள்.

நாட்கணக்கில் வேட்டை நடந்தது. வந்தவர்களில் பெரும்பாலோர் கொல்லப்பட்டார்கள், ஒருவர் வடக்கே தப்பினார். அவர்களில் கிம் ஷின் ஜோ என்பவர் உயிரோடு பிடிபட்டார். எதற்கு வந்தீர்கள் என்று செய்தியாளர்கள் கேட்டபோது, பார்க் சுங் ஹீயின் கழுத்தை அறுக்க என்று ஒளிவுமறைவின்றிச் சொன்னார். வீட்டுக்கு வீடு அந்த வாசகம் பேசப்பட்டது. பின்னாளில் அவர் தென்கொரியாவிலேயே வாழ்ந்து கிறித்தவப் போதகரானார். சோய் க்யூ சிக்கின் சிலை இன்றும் அந்தக் கணவாய் அருகே நிற்கிறது.

துப்பாக்கிச் சத்தம் அடங்கியதும், கணவாயில் கேட்கப்பட்ட அந்தக் கேள்விதான் மிஞ்சியது. நீங்கள் யார்?

தலைநகரின் நடுவே, அதிபரின் வாசலுக்கு ஒரு கிலோமீட்டருக்கும் குறைவான தூரத்தில், அந்தக் கேள்விக்குச் சரியான பதில் சொல்லும் துண்டுச்சீட்டு யார் கையிலும் இல்லை.

அரசு படித்த பாடம்

இரண்டே நாளில், ஜனவரி 23 அன்று, அமெரிக்க உளவுக் கப்பல் புவேப்லோவை வடகொரியா பிடித்தது. வாஷிங்டனின் கவனம் முழுவதும் கப்பலின் பக்கம் திரும்பியது. எங்கள் அதிபரைக் கொல்ல வந்ததைவிட உங்கள் மாலுமிகள்தாம் பெரிதா என்று சியோல் கசந்தது. தன் பாதுகாப்பைத் தானே பார்த்துக்கொள்ள வேண்டும் என்ற முடிவு அந்தக் கசப்பில் உறுதிப்பட்டது.

ஏப்ரல் 1 அன்று உள்ளூர் ரிசர்வ் படை தொடங்கப்பட்டது. ராணுவச் சேவை முடித்து வீடு திரும்பிய ஆண்கள் மறுபடியும் துப்பாக்கி ஏந்த வேண்டும். நகரங்களில் அந்தப் படையின் அடிப்படை அலகு எது தெரியுமா? டோங். டோங்குக்கு ஒரு ரிசர்வ் பிரிவு, அதற்கு ஒரு தலைவர். பிறப்பைப் பதியும் அலுவலகத்தின் எல்லையே இப்போது போர்முனையின் எல்லையும் ஆயிற்று.

மலைப்பக்கமும் மாறியது. ஜாஹாமுன் அருகிலிருந்து புகாக் மலைமுகடு வழியாக ஒரு சாலை போடப்பட்டு அதே ஆண்டு செப்டம்பரில் திறக்கப்பட்டது. இன்று காதலர்கள் நகரின் விளக்குகளைப் பார்க்கப் போகும் அந்த மலைச்சாலை, தலைநகரைக் காக்கவென்று அவசரமாகப் போட்டது.

மே மாதம் மூன்றாவது நடவடிக்கை வந்தது. ஓசையில்லாதது, ஆனால் மற்ற இரண்டையும்விட ஆழமாகப் போனது. குடியிருப்பாளர் பதிவுச் சட்டம் திருத்தப்பட்டது. 18 வயது நிரம்பிய ஒவ்வொருவருக்கும் நாடு முழுவதும் ஒரே வடிவில் அட்டை. அதில் படம், கட்டைவிரல் ரேகை. கூடவே ஓர் எண்.

எண்ணுக்கு 12 இலக்கங்கள். முதல் ஆறு இலக்கங்கள் ஊரைச் சொல்லும்: எந்த மாநகரம் அல்லது மாகாணம், அதில் எந்த மாவட்டம், அதில் எந்த டோங். அடுத்த இலக்கம் ஆண் என்றால் 1, பெண் என்றால் 2. மீதி ஐந்தும் வரிசை எண்.

இந்த வரிசையைக் கவனியுங்கள். பிறந்த நாளுக்கு அதில் இடமில்லை. அரசு ஒருவரைப் பார்த்ததும் முதலில் அறிய விரும்பியது, அவர் எந்தப் பேட்டைக்காரர் என்பதையே. அதன்பிறகுதான் ஆணா பெண்ணா, எத்தனையாவது ஆள் என்பதெல்லாம்.

நவம்பர் 21

இலையுதிர்காலத்தில் அச்சம் இன்னும் ஏறியது. அக்டோபர் 30 முதல் வடகொரிய அதிரடிப் படையினர் 120 பேர் கிழக்குக் கடற்கரையில் உல்ஜின், சாம்சோக் பகுதிகளில் அலை அலையாக இறங்கினார்கள். மலைக் கிராமங்களுக்குள் புகுந்தார்கள். நவம்பர் முழுவதும் அங்கே சண்டை நீடித்தது.

அந்தச் சண்டை ஓயாத நேரத்தில், நவம்பர் 21 அன்று, அட்டை வழங்கல் தொடங்கியது. முதல் அட்டை யாருக்கு?

110101-100001.

11 என்றால் சியோல். அடுத்த 01 ஜோங்னோ. அதற்கடுத்த 01 ஜாஹா-டோங். பெறுபவர் ஆண், வரிசையில் முதல் ஆள். பெயர் பார்க் சுங் ஹீ.

அடுத்த எண் 110101-200002. அவருடைய மனைவி யுக் யங் சூ. பெண்ணென்பதால் 2, வரிசையில் இரண்டாமவர்.

பத்து மாதங்களுக்கு முன் எந்தக் கணவாயில் கேள்வி கேட்கப்பட்டதோ, அந்த வாயிலின் பெயரைத் தாங்கிய டோங்கிலிருந்தே முதல் பதிலும் வந்தது. நீல மாளிகைவாசிகளும் பதிவேட்டின்படி ஒரு பேட்டையின் குடிமக்கள். நாட்டின் அதிபரே விரல் ரேகை வைத்து எண் வாங்கிக்கொண்டார் என்றால், மற்றவர் யார் மறுக்க முடியும்?

படமும் செய்தியும் நாளிதழ்களில் வந்தன. மறுநாளிலிருந்து நாடு முழுவதும் டோங் அலுவலகங்களின் வாசலில் மக்கள் நின்றார்கள். மையில் கட்டைவிரலைத் தோய்த்து அழுத்தினார்கள். அதே மாதக் கடைசியில் சியோலின் டிராம் வண்டிகள் ஓட்டத்தை நிறுத்தின. எழுபது ஆண்டுகளாக நகரின் அடையாளமாக இருந்த ஒன்று போன அதே நவம்பரில், அரை நூற்றாண்டுக்கு மேல் நீடிக்கப்போகும் இன்னொன்று வந்து சேர்ந்தது.

எண்ணுக்குள் ஒரு பேட்டை

இப்போது அந்த நான்கு சகோதரர்களிடம் திரும்புவோம்.

ஜனவரியில் அட்டை இருந்திருந்தால் 31 பேரும் தடுக்கப்பட்டிருப்பார்களா? ராணுவ உடையில், ஆயுதத்தோடு, மலை வழியாக வந்தவர்கள் அவர்கள். குடியிருப்பாளர் அட்டையைக் காட்டு என்று கேட்டிருந்தாலும் துப்பாக்கிதான் பதில் சொல்லியிருக்கும். அவர்களை முதலில் கண்டுபிடித்தது ஏடல்ல, மனிதக் கண். அதுவும் யாரும் ஏவாமல் பார்த்த கண்.

ஆனால் அரசு அந்தக் கண்ணை நம்பி இருக்கத் தயாராக இல்லை. அண்டை வீட்டாருக்குத் தெரிந்ததெல்லாம் தனக்கும் தெரிய வேண்டும் என்றது. விறகு வெட்டப் போனவர்கள் தாமாகச் செய்ததை, இனி எல்லாரும் கடமையாகச் செய்ய வேண்டும் என்றது. பேட்டையின் அறிவு பேட்டைக்கே சொந்தமாக இருந்த காலம் அங்கே முடிந்தது.

விளைவுகள் வேகமாக வந்தன. 1970 முதல், உளவாளியைத் தேடும் காவலர் கேட்டால் அட்டையைக் காட்ட வேண்டும் என்று சட்டம் இறுகியது. நள்ளிரவு முதல் அதிகாலை நான்கு மணிவரை ஊரடங்கு இருந்த நகரம் அது. கடைசிப் பேருந்தைத் தவறவிட்டவருக்கு அட்டை இல்லையென்றால் இரவு காவல் நிலையத்தில்தான். குடிபெயர்வதும் முன்போல் எளிதாக இல்லை. புதுப் பேட்டையில் பெயர் சேர்க்கப் போனால், இவர் இங்கேதான் குடியிருக்கிறார் என்று வட்டத் தலைவர் முத்திரை வைத்துத் தர வேண்டும். அந்த முத்திரைக்காக அவர் வீட்டுக் கதவைத் தட்டும் வழக்கம் பல்லாண்டுகள் நீடித்தது.

அதே சமயம், அட்டை பூட்டு மட்டுமல்ல, சாவியும்தான். பிள்ளையைப் பள்ளியில் சேர்க்க, வங்கிக் கணக்குத் தொடங்க, வேலைக்கு மனுப் போட எல்லாவற்றுக்கும் அது உதவியது. பல பெண்களுக்குக் கணவரின் பெயரோ மாமனாரின் பெயரோ சேராமல், தம் படத்தோடு கிடைத்த அரசுத் தாள் அது. கொடுத்த கையும் கண்காணித்த கையும் ஒன்றாக இருந்ததால், அதை வெறுப்பதும் எளிதல்ல, கொண்டாடுவதும் எளிதல்ல.

அந்த 12 இலக்கங்களின் பிற்காலத்தையும் சுருக்கமாகச் சொல்லிவிடலாம். 1975-இல் எண் 13 இலக்கமாகியது. பிறந்த நாள் முன்னே வந்தது. டோங் பின்பாதிக்குள் நகர்ந்து, எங்கே முதலில் பதியப்பட்டார் என்று காட்டும் நான்கு இலக்கக் குறியீடாக மறைந்துகொண்டது. வேறு நகரத்துக்குப் போய் ஆண்டுகள் ஆனாலும் முதல் பேட்டை எண்ணுக்குள் ஒட்டிக்கொண்டே இருந்தது. யார் எந்த மாகாணத்துக்காரர் என்று வேலை கொடுப்பவர் ஊகிக்க அது வழிவிட்டது. 2020 அக்டோபரில்தான் புதிய எண்களிலிருந்து அந்த ஊர்க்குறியீடு எடுக்கப்பட்டது. ஒரு மலைக்கணவாயில் தொடங்கிய பழக்கம் கைவிடப்பட 52 ஆண்டுகள் ஆயின.

எண் உண்டு, பேட்டை?

1968-க்கே திரும்புவோம். ஏனென்றால், அந்த ஆண்டு இன்னொரு கணக்கும் சியோல் நகராட்சியின் மேசையில் இருந்தது.

‘புல்டோசர்’ என்று பெயரெடுத்த மேயர் கிம் ஹ்யோன் ஓக், 1966-இல் பதவிக்கு வந்ததும் நகரில் அனுமதியின்றி எழுந்த கட்டடங்களை எண்ணச் சொன்னார். வந்த விடை 1 லட்சத்து 30 ஆயிரத்துக்கும் மேல். ஓடைக்கரைக் குடிசைகள், மலைச்சரிவுப் பலகை வீடுகள், ரயில் பாதையோரக் கூரைகள். ஒவ்வொன்றுக்குள்ளும் ஒரு குடும்பம், சிலவற்றில் இரண்டு.

இந்தக் குடும்பங்களும் டோங் அலுவலகத்துக்குப் போயின. விரல் ரேகை வைத்தன, எண் வாங்கின. அரசுக்கு ஆள் வேண்டும். அவர் குடியிருக்கும் கூரை சட்டப்படியானதா என்பது வேறு துறையின் கவலை.

அந்த வேறு துறை அப்போதே வேலையைத் தொடங்கிவிட்டது. குடிசைவாசிகளை மொத்தமாக நகரத்துக்கு வெளியே கொண்டுபோய் விடும் திட்டம் 1968-இல் வரையப்பட்டது. இடம்: சியோலுக்குத் தென்கிழக்கே, க்யோங்கி மாகாணத்தின் குவாங்ஜு மாவட்டம். மலையும் வயலுமாக இருந்த நிலம். அது சியோலும் இல்லை, அங்கே டோங்கும் இல்லை.

1969 முதல் லாரிகள் புறப்பட்டன. குடிசையைப் பிரித்த பலகைகளோடு குடும்பங்களும் ஏற்றப்பட்டன. இறங்கிய இடத்தில் அளந்து விட்ட மனைத்துண்டும் கூடாரமும்தான் கிடைத்தன. வேலை, பள்ளி, சந்தை எல்லாம் விட்டுவந்த நகரத்திலேயே இருந்தன. 1 லட்சத்துக்கும் அதிகமானவர்கள் இப்படி வந்து சேர்ந்தார்கள். அவர்கள் பையில் இருந்த அட்டையின் முதல் இரண்டு இலக்கங்கள் மட்டும், நீங்கள் சியோல்காரர் என்றே சொல்லிக்கொண்டிருந்தன.

ஒருவர் யார் என்பதை அவருடைய பேட்டையே சொல்லும் என்று சட்டம் போட்ட அரசு, அந்தப் பேட்டையைத் தன் கையாலேயே இடித்துவிட்டது. இனி அந்த மனிதர்களுக்குப் பொறுப்பு யார்? எண் கொடுத்த சியோலா, லாரி இறக்கிவிட்ட மாகாணமா?

1971 ஆகஸ்ட் 10 அன்று, மழையில் நின்றுகொண்டிருந்த பெருங்கூட்டம் சியோல் மேயரை எதிர்பார்த்துக் காத்திருந்தது. அவர் சொன்ன நேரத்துக்கு வரவில்லை. அதற்கடுத்த சில மணி நேரங்களில் என்ன நடந்தது?

(அடுத்த வாரம்)